ஈட்டி பிடித்தவர் மட்டுமா வேட்டைக்காரர்?

குழுச் செயல்பாடு என்று அறிவித்தவுடன் வகுப்பறையில் என்ன நடக்கும் என்பது நம் எல்லோருக்கும் தெரியும். ஐந்து பேர் வட்டமாக உட்காருவார்கள். கையெழுத்து அழகாக உள்ள ஒருவர் சார்ட்டை எடுத்துக்கொள்வார். இன்னொருவர் ஸ்கெட்ச் பேனாவை எடுத்துக் கொடுப்பார். மற்ற மூவரும் பார்த்துக்கொண்டிருப்பார்கள். முடிவில் ஐந்து பெயரும் சார்ட்டின் அடியில் இருக்கும். ஆனால் கற்றல் ஒருவருக்குத்தான் நடந்திருக்கும்.

“ஒற்றுமையாகச் செய்யுங்கள்” என்று சொல்வதால் மட்டும் இது மாறுவதில்லை. கூட்டு உழைப்பு என்பது ஒரு நல்லொழுக்கம் மட்டுமல்ல, ஓர் ஏற்பாடு. யார் எங்கே நிற்பது, யார் என்ன செய்வது, விதி என்ன, பலனை எப்படிப் பிரிப்பது என்பதெல்லாம் முன்கூட்டியே தெளிவாக இருந்தால்தான் அது நடக்கும். இதை மாணவர்களுக்குப் புரியவைக்க, வட துருவத்தை ஒட்டி வாழும் இனுயிட் மக்களின் கரிபு மான் வேட்டையை நான் ஒரு பாடமாக எடுத்துக்கொண்டேன். ஏழாம் வகுப்பில் இரண்டு பாடவேளைகளிலும் ஒரு விளையாட்டுப் பாடவேளையிலும் இதை நடத்தினேன். அதற்காகத் திரட்டிய செய்திகளையும் வகுப்பில் நடந்ததையும் இங்கே பகிர்ந்துகொள்கிறேன்.

ப்ரூனர் தேர்ந்தெடுத்த பாடம்

கல்வி உளவியலில் நாம் படித்த ஜெரோம் ப்ரூனர் இதே மக்களின் வாழ்க்கையை வகுப்பறைக்குக் கொண்டுவந்தவர். 1960களில் அமெரிக்காவில் சுமார் பத்து வயதுக் குழந்தைகளுக்காக ஒரு சமூக அறிவியல் பாடத்திட்டம் அவருடைய வழிகாட்டுதலில் உருவானது. மனிதரை மனிதராக்குவது எது, அது எப்படி வந்தது, அதை இன்னும் எப்படி வளர்க்கலாம் என்ற கேள்விகளைச் சுற்றி அந்தப் பாடத்திட்டம் அமைந்திருந்தது. அதன் முக்கியப் பகுதி, நெட்சிலிக் இனுயிட் மக்களைப் பற்றிய படங்கள்.

மானிடவியலாளர் ஆசென் பாலிக்சியின் வழிகாட்டுதலில் 1963 முதல் 1965 வரை, இன்று குகாருக் என்று அழைக்கப்படும் பெல்லி பே பகுதியில் அந்தப் படங்கள் எடுக்கப்பட்டன. துப்பாக்கி பரவுவதற்கு முன், ஏறத்தாழ 1919இல், தங்கள் பெற்றோர் வாழ்ந்த முறையை அந்த ஊர் மக்களே செய்து காட்டினார்கள். படத்தில் பின்னணி விளக்கக் குரல் கிடையாது. குழந்தைகள் பார்க்க வேண்டும், கேள்வி கேட்க வேண்டும், தாங்களே விடை தேட வேண்டும் என்பதே நோக்கம். விலங்குகளைக் கொல்வதையும் முதியோரின் நிலையையும் குழந்தைகளுக்குக் காட்டலாமா என்று பெற்றோர் சிலர் எதிர்ப்புத் தெரிவித்தனர். விவாதம் 1975இல் அமெரிக்க நாடாளுமன்றம் வரை சென்று, அந்தப் பாடத்திட்டத்துக்கான அரசு நிதி நின்றுபோனது. ஆயினும் கேள்வியிலிருந்து பாடத்தைத் தொடங்கும் அந்த முறை நமக்கு இன்றும் பயன்படுகிறது.

ஆகவே நானும் ஒரு கேள்வியிலிருந்தே தொடங்கினேன். கரும்பலகையில் எழுதிய கேள்வி இதுதான்: “கரிபுவைப் பிடித்தவர் யார்?”

மக்களும் இடமும்

முதலில் வரைபடம். கனடாவின் வட பகுதி, கிரீன்லாந்து, அலாஸ்கா ஆகிய இடங்களில் இனுயிட் மக்கள் வாழ்கிறார்கள். பழைய நூல்களில் ‘எஸ்கிமோ’ என்று எழுதியிருப்பார்கள். அது பிறர் அவர்களுக்கு இட்ட பெயர். கனடாவிலும் கிரீன்லாந்திலும் அவர்கள் அதை விரும்புவதில்லை. ‘இனுயிட்’ என்றால் அவர்கள் மொழியில் ‘மக்கள்’ என்று பொருள். ஒருவரைக் குறிக்க ‘இனுக்’ என்பார்கள். ஒரு சமூகத்தை அவர்கள் சொல்லும் பெயரால் அழைப்பதே மரியாதை என்பதைப் பாடத்தின் முதல் ஐந்து நிமிடத்திலேயே சொல்லிவிடுவது நல்லது.

1999 ஏப்ரல் 1 அன்று கனடாவில் நுனாவுட் என்ற தனி ஆட்சிப் பகுதி உருவானது. அங்கு வாழ்பவர்களில் பெரும்பாலோர் இனுயிட். அதன் பரப்பு சுமார் 21 லட்சம் சதுர கிலோமீட்டர். தமிழ்நாட்டைப் போல் ஏறத்தாழ 16 மடங்கு. 2021 கணக்கெடுப்பின்படி மக்கள்தொகை 37 ஆயிரத்துக்கும் குறைவு. இந்த இரண்டு எண்களைக் கொடுத்து மக்களடர்த்தியைக் கணக்கிடச் சொன்னேன். விடையைப் பார்த்த மாணவர்கள், தப்பாகப் போட்டுவிட்டோம் என்று நினைத்து மறுபடியும் வகுத்தார்கள். நூறு சதுர கிலோமீட்டருக்கு இரண்டு பேர்கூட இல்லை!

இது தூந்திரா நிலம். மரம் வளராது. கோடை சில வாரங்களே. மண்ணின் அடிப்பகுதி ஆண்டு முழுவதும் உறைந்தே கிடக்கும். உழவு சாத்தியமில்லை. உணவும் உடையும் கருவியும் விலங்குகளிடமிருந்துதான் வர வேண்டும். கடலோரத்தில் சீல், நிலத்தில் கரிபு என்பதே பெரும்பாலான குடிகளின் ஆண்டு வட்டம். ஹட்சன் வளைகுடாவுக்கு மேற்கே உள்நிலத்தில் வாழ்ந்த குடிகளோ ஏறத்தாழ முழுமையாகக் கரிபுவையே நம்பியிருந்தார்கள்.

கரிபு என்னும் பயணி

இனுயிட் மொழியில் கரிபுவின் பெயர் துக்து. ஐரோப்பாவில் ரெய்ன்டீர் என்று அழைக்கப்படுவதும் இதே இனம்தான். மான் குடும்பத்தில் ஆண், பெண் இரண்டுக்கும் கிளைக்கொம்பு வளர்வது இதற்கே உரிய தனித்தன்மை. குளிர்காலத்தில் குளம்பால் பனியைத் தோண்டி, அடியில் இருக்கும் லைக்கன்களைத் தின்னும். இதன் உரோமம் உள்ளே காற்றறை கொண்டது. அதனால் உடல் சூடு வெளியேறாது. நீரில் இறங்கினால் உடல் எளிதில் மிதக்கும். கரிபு மிக நன்றாக நீந்தும்.

பெருமந்தைகள் ஆண்டுதோறும் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நடக்கின்றன. இளவேனிலில் வடக்கே சென்று, ஜூன் மாதத்தில் திறந்த தூந்திராவில் குட்டி ஈனும். இலையுதிர் காலத்தில் தெற்கே திரும்பும். வழியில் ஆறுகளும் ஏரிகளும் குறுக்கிடும். மந்தை பெரும்பாலும் பழக்கப்பட்ட சில துறைகளில்தான் நீரைக் கடக்கும். அந்தத் துறைகளை அறிந்து வைத்திருப்பதே வேட்டையின் முதல் அறிவு.

ஆனால் கரிபு மனிதரைவிட வேகமாக ஓடும். மோப்பம் மிகக் கூர்மை. ஒளிந்துகொள்ள மரமும் இல்லை. கொம்பாலும் தசைநாணாலும் செய்த வில் நெருங்கினால்தான் பயன்படும். தனி ஒருவர் ஒரு மந்தையை எதிர்கொண்டால் ஒன்றிரண்டு கிடைக்கலாம். குளிர்காலம் முழுவதற்கும் போதுமான உணவும் தோலும் கிடைக்காது. ‘தனியாக முடியாது’ என்ற இந்த இடத்திலிருந்துதான் கூட்டு உழைப்பு பிறக்கிறது.

கல் மனிதர்களும் ஓநாய்க் குரலும்

வேட்டை பல வாரங்களுக்கு முன்பே தொடங்கிவிடும். நீர்த்துறையை நோக்கிக் குவியும்படி, புனல் வடிவத்தில், இரண்டு வரிசைகளாகக் கல் அடுக்குகள் நிறுத்தப்படும். இவற்றின் பெயர் இனுக்சுக். ‘மனிதரைப் போலச் செயல்படுவது’ என்று பொருள். உச்சியில் பாசிக்கட்டியையோ புல்தரையின் துண்டையோ வைத்தால், தூரத்திலிருந்து பார்க்கும் கரிபுவுக்கு ஆள் நிற்பது போலவே தோன்றும். கரிபு அந்த வரிசையைத் தாண்டத் தயங்கும். பத்து ஆள் நிற்க வேண்டிய இடத்தில் கற்கள் நின்றுவிடும். (எல்லா இனுக்சுக்கும் வேட்டைக்கானவை அல்ல, வழிகாட்டவும், உணவு புதைத்த இடத்தைக் குறிக்கவும்கூட அவை உண்டு. நுனாவுட் கொடியின் நடுவில் இருப்பதும் ஒரு சிவப்பு இனுக்சுக்தான்.)

மந்தை தென்பட்டதும் ஒவ்வொருவரும் தத்தம் இடத்துக்குச் செல்வார்கள். பெண்களும் சிறுவர்களும் மந்தையின் பின்பக்கமாகச் சுற்றிச் சென்று ஓநாயைப் போல ஊளையிடுவார்கள். மிரண்ட மந்தை முன்னால் ஓடும். இருபுறமும் ‘மனிதர்கள்’ நிற்பதைக் கண்டு நேராக நீரை நோக்கிப் போகும். நீரில் இறங்கியபின் கரிபுவின் வேகம் குறைந்துவிடும். கரையில் மறைந்திருந்தவர்கள் கயாக் படகுகளில் விரைந்து வந்து ஈட்டியால் குத்துவார்கள். படகு குறுகலானது. மிரண்ட மந்தையின் நடுவே அது கவிழ்ந்தால் உறைநீரில் உயிர் பிழைப்பது அரிது. ஈட்டி பிடிப்பவருக்குத் திறமையும் துணிவும் வேண்டும், ஐயமில்லை. ஆனால் பின்னால் ஊளையிட்ட சிறுவன் சற்று முந்திக் கத்தியிருந்தால், அல்லது வரிசையில் ஒரு கல் சரிந்திருந்தால், அவருக்கு வேலையே இருந்திருக்காது.

இந்தத் துறைகளில் விதிகளும் உண்டு. நுனாவுட்டில் பேக்கர் ஏரிக்கு அருகே கசான் ஆற்றில் அப்படியொரு பழமையான துறை இருக்கிறது. இலையுதிர் காலக் கரிபுத் துறை என்ற பெயரில் அது 1995இல் கனடாவின் தேசிய வரலாற்றுத் தலமாக அறிவிக்கப்பட்டது. அங்கு வாழ்ந்த ஹார்வாக்தூர்மியுட் மக்கள், கரிபு நீரில் இறங்கும் இடத்தைச் சுத்தமாக வைத்திருந்தார்கள். அங்கே கூடாரம் போடக் கூடாது, இறைச்சி அறுக்கக் கூடாது, எலும்பைப் போடக் கூடாது. கரிபு அந்த வழியை விட்டு விலகினால் இழப்பு ஒரு குடும்பத்துக்கு மட்டுமல்ல, எல்லோருக்கும். பொது இடத்தின் தூய்மை என்பது அங்கே வயிற்றோடு தொடர்புடைய செய்தி.

கிரீன்லாந்திலும் இத்தகைய வேட்டைத் தடங்கள் உள்ளன. அங்குள்ள ஆசிவிசுயிட் என்ற கோடைக்கால வேட்டை முகாமில் கல் வரிசைகளின் எச்சங்களை இன்றும் காணலாம். அந்த நிலப்பரப்பு, ‘ஆசிவிசுயிட் – நிபிசாத்’ என்ற பெயரில் 2018இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றது.

வேட்டைக்குப் பின் தொடங்கும் வேலை

கரிபு கரைக்கு வந்தவுடன் வேட்டை முடிந்துவிடுவதில்லை. இறைச்சியின் ஒரு பகுதி மெல்லிய கீற்றுகளாக அறுத்து உலர்த்தப்படும். ஒரு பகுதி, விலங்குகள் தோண்டாதபடி கற்குவியலின் அடியில் குளிர்காலத்துக்காகப் பாதுகாக்கப்படும். எலும்பு மஜ்ஜையும் கொழுப்பும் வீணாகாது. கொம்பிலிருந்து வில்லும் கருவிப் பிடிகளும் வரும். முதுகுத் தசைநாண் தையல் நூலாகும்.

இலையுதிர் காலத் தொடக்கத்தில் கிடைக்கும் தோல்தான் உடைக்கு ஏற்றது. கோடையில் அதில் பூச்சித் துளைகள் இருக்கும், குளிர்காலத்தில் உரோமம் மிகத் தடிமனாகிவிடும். அரை நிலா வடிவ ‘உலு’ கத்தியால் பெண்கள் தோலை வெட்டி, எலும்பு ஊசியால் தைப்பார்கள். உள்ளாடையில் உரோமம் உடலைத் தொடும். மேலாடையில் உரோமம் வெளியே இருக்கும். இரண்டுக்கும் இடையே நிற்கும் காற்று குளிரைத் தடுக்கும். அறிவியல் பாடத்தில் வெப்பக் கடத்தலுக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைக்காது. குழந்தையை முதுகில் சுமக்கப் பை வைத்துத் தைத்த பெண்களின் மேலாடைக்கு ‘அமாவுட்டி’ என்று பெயர்.

நெட்சிலிக் மக்களிடம் ஒரு கட்டுப்பாடு இருந்தது: கடல் பனி மீது சீல் வேட்டைக்குப் போகும் முன், புதிய கரிபுத் தோல் தையலை முடித்துவிட வேண்டும். ஊசி பிடித்த கை தாமதித்தால் ஈட்டி பிடித்த கை வீட்டை விட்டு வெளியேற முடியாது. இந்த இடத்தில் கரும்பலகைக் கேள்வியை மறுபடியும் கேட்டேன். “தச்சவங்களும்தான் டீச்சர்” என்று பின் வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது.

மரமில்லாத நாட்டில் சறுக்கு வண்டி செய்த விதமும் மாணவர்களை வியக்க வைத்தது. நெட்சிலிக் மக்கள், நனைத்த தோலில் மீன்களை வரிசையாக வைத்துச் சுருட்டி உறைய விடுவார்கள். அந்த உருளைதான் வண்டியின் அடிச்சட்டம்! குறுக்குச் சட்டத்துக்குக் கொம்பு. இளவேனிலில் உருகியதும் மீனைச் சாப்பிட்டுவிடலாம்.

பங்கிடுவதும் ஒரு சேமிப்பே

வேட்டையில் இன்று எனக்குக் கிடைக்கும், நாளை உனக்குக் கிடைக்கும். யாருக்கு எப்போது என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. ஆகவே இன்று என்னிடம் இருப்பதை உனக்குக் கொடுத்தால், நாளைய பசிக்கு அதுவே என் சேமிப்பு. முதியோருக்கும் வேட்டைக்குச் செல்ல ஆளில்லாத வீட்டுக்கும் இறைச்சி போகும். ஒரு சிறுவன் முதன்முதலாக வேட்டையாடியதைத் தானே வைத்துக்கொள்ளாமல் பிறருக்குப் பகிர்ந்து கொடுப்பது பல இனுயிட் ஊர்களில் இன்றும் தொடரும் வழக்கம். ‘உன்னால் முடிந்தது’ என்ற பாராட்டும் ‘அது உனக்கு மட்டுமல்ல’ என்ற பாடமும் ஒரே நாளில் கிடைத்துவிடுகின்றன.

இந்தப் பங்கீடு அவரவர் மனநிலையைப் பொறுத்ததாக விடப்படவில்லை. குளிர்காலச் சீல் வேட்டையை எடுத்துக்கொள்வோம். ஒரு சீல், பனிப்பரப்பில் மூச்சுவிடப் பல துளைகளை வைத்திருக்கும். ஒருவர் ஒரு துளையருகே காத்திருந்தால் அது வேறு துளைக்குப் போய்விடும். பலர் பல துளைகளில் காத்திருந்தால் யாரோ ஒருவருக்குக் கிடைக்கும். எனவே நெட்சிலிக் மக்களிடம் ஒவ்வொருவருக்கும் சுமார் 12 பங்காளிகள் இருந்தார்கள். சிறுவயதிலேயே தாய் அவர்களைத் தேர்ந்தெடுத்துவிடுவார். சீலின் எந்தப் பாகம் யாருக்கு என்பது பெயரோடு முடிவாகியிருக்கும். யாருடைய துளையில் சீல் வந்தாலும் பங்கு மாறாது.

மந்தை வராத ஆண்டு

இந்த வாழ்க்கையை இனிமையான கதையாக மட்டும் சொல்லி முடிப்பது நேர்மையாகாது. கரிபு சில ஆண்டுகளில் வேறு வழியில் சென்றுவிடும். அப்போது பஞ்சம் வரும். எத்தனை ஒற்றுமை இருந்தாலும், பங்கிட ஒன்றும் இல்லாத நாளில் மக்கள் இறந்தார்கள்.

வெளியிலிருந்து வந்த முடிவுகளும் அவர்களைப் பசியில் தள்ளின. என்னடாய் ஏரியருகே வாழ்ந்த அஹியார்மியுட் மக்களைக் கனடா அரசு 1950இல் நுவெல்டின் ஏரிக்கும், 1957இல் ஹெனிக் ஏரிக்கும் இடம் மாற்றியது. பழகிய துறைகளும் வழிகளும் இல்லாத புதிய இடத்தில் பசியாலும் குளிராலும் சிலர் மாண்டனர். பல ஆண்டுகள் கழித்து, 2019 ஜனவரி 22 அன்று ஆர்வியட் ஊரில் கனடா அரசு அவர்களிடம் முறையாக மன்னிப்புக் கேட்டது. ஒரு மக்களின் அறிவு அவர்கள் வாழும் நிலத்தோடு பிணைந்தது. நிலத்தை மாற்றினால் அறிவையும் பறித்ததாகும் என்பதை மேல் வகுப்பு மாணவர்களிடம் விவாதிக்கலாம்.

துப்பாக்கி வந்தபின் வேட்டை முறையே மாறியது. தொலைவிலிருந்து தனியாகவே சுட முடிந்ததால், கல் வரிசையும் ஊளைக் குரலும் கயாக் படகும் தேவைப்படாமல் போயின. துறைகளில் நடந்த பெருங்கூட்டு வேட்டை மெல்ல மறைந்தது. “துப்பாக்கியால் வேலை சுலபமானது, ஆனால் யாருடைய வேலை இல்லாமல் போனது?” என்று கேட்டேன். தங்கள் வீட்டில் வந்த கருவிகளையும் அதனால் வேலை இழந்தவர்களையும் மாணவர்கள் தாங்களாகவே பட்டியலிட்டார்கள். அறுவடை இயந்திரம் அந்தப் பட்டியலில் முதலில் இருந்தது.

இன்று

இனுயிட் மக்களைக் கடந்த காலத்தவர் போலக் காட்டக் கூடாது. இன்று அவர்கள் வீடுகளில் வாழ்கிறார்கள். பள்ளி, இணையம், பனி ஊர்தி எல்லாம் உண்டு. நுனாவுட் சட்டமன்றத்தில் கட்சிகள் இல்லை. கலந்து பேசி ஒத்த கருத்துக்கு வருவதே முறை. 2008இல் இயற்றப்பட்ட நுனாவுட் கல்விச் சட்டம், இனுயிட் மரபறிவையும் விழுமியங்களையும் பள்ளிக் கல்வியின் அடித்தளமாக வைத்திருக்கிறது. அவற்றில் ஒன்று ‘பிலிரிகாதிகீன்னிக்’, அதாவது பொது நோக்கத்துக்காகச் சேர்ந்து உழைத்தல். இன்னொன்று ‘பிலிம்மக்சர்னிக்’, அதாவது பார்த்தும் உடனிருந்தும் செய்தும் திறன் பெறுதல். ஊளையிடப் போன சிறுவன் படகேறும் வயதுக்கு வருவதற்குள் வேட்டையை எத்தனை முறை பார்த்திருப்பான்! அவனுக்கு அதுவே பள்ளி.

இப்போது கரிபுவுக்கே ஆபத்து. பாதர்ஸ்ட் மந்தையில் 1986இல் சுமார் 4,70,000 கரிபுகள் இருந்தன. 2018 கணக்கெடுப்பில் சுமார் 8,200 மட்டுமே. பாஃபின் தீவிலும் எண்ணிக்கை பெரிதும் சரிந்ததால் 2015 ஜனவரியில் நுனாவுட் அரசு அங்கே வேட்டையைத் தற்காலிகமாக நிறுத்தியது. பின்னர் 250 ஆண் கரிபுகளுக்கு மட்டும் அனுமதி தந்தது. சேர்ந்து வேட்டையாடியவர்கள் இப்போது சேர்ந்து பொறுத்திருக்க வேண்டியிருக்கிறது. இதுவும் கூட்டு உழைப்பின் ஒரு வடிவமே.

மைதானத்தில் ஒரு செயல்பாடு

என் வகுப்பில் 36 பேர். மைதானத்தின் ஒரு முனையில் சுண்ணாம்புத் தூளால் ஆற்றுக் கோடு வரைந்து, அதன் நடுவில் நான்கு அடி அகலத்தில் ஒரு துறையைக் குறித்தோம். பத்துப் பேர் கரிபு, நால்வர் ஈட்டிக்காரர். ஈட்டிக்காரர்கள் துறையை விட்டு நகரக் கூடாது; கையால் தொட்டால் கரிபு பிடிபட்டது.

முதல் சுற்றில் மற்றவர்கள் வேடிக்கை பார்த்தார்கள். கரிபுகள் கோட்டின் எந்தப் பகுதியிலும் கடக்கலாம். ஒருவர்கூடப் பிடிபடவில்லை.

இரண்டாம் சுற்றில் 14 பேர் இரண்டு வரிசையாகக் கைகளை விரித்து இனுக்சுக்காக நின்றார்கள். அவர்கள் நகரவோ பேசவோ கூடாது. கரிபு அவர்களுக்கு இடையே புகக் கூடாது. எட்டுப் பேர் பின்னாலிருந்து ஊளையிட்டு விரட்டினார்கள். ஏழு கரிபுகள் பிடிபட்டன.

மூன்றாம் சுற்றில் முன்னறிவிப்பு இல்லாமல் வரிசையிலிருந்து இரண்டு ‘கற்களை’ மட்டும் விலக்கினேன். அந்த இடைவெளி வழியாக மந்தை முழுவதும் வெளியேறிவிட்டது. ஈட்டிக்காரர் நால்வரும் அதே நால்வர், அதே வேகம்.

வகுப்புக்குத் திரும்பிக் கரும்பலகைக் கேள்விக்கு வந்தோம். “ஈட்டி வச்சிருந்தவங்க புடிச்சாங்க” என்றான் ஒருவன். “மூணாவது தடவ அவங்க ஏன் புடிக்கல?” என்று அவனை மடக்கினாள் ஒருத்தி. அவள் இரண்டாம் சுற்றில் கல்லாக நின்று மூன்றாம் சுற்றில் விலக்கப்பட்டவள். தொடக்கத்தில், சும்மா நிற்பதற்கு நான் எதற்கு என்று முகம் சுளித்தவளும் அவளே.

இன்னொரு மாணவன், “கொல்றது பாவம் இல்லையா டீச்சர்?” என்று கேட்டான். அந்தக் கேள்வியை நான் ஒதுக்கவில்லை. நெல்லும் காய்கறியும் விளையாத நிலத்தில் அவர்கள் என்ன உண்பார்கள் என்று வகுப்பையே யோசிக்கச் சொன்னேன். விலங்கின் எந்தப் பாகத்தையும் வீணாக்காததும், அது கடக்கும் இடத்தைத் தூய்மையாகக் காத்ததும் மரியாதையின் அடையாளங்களா என்பதை விவாதிக்க விட்டேன். எல்லோரும் ஒரே முடிவுக்கு வரவில்லை. வர வேண்டிய அவசியமும் இல்லை.

குழுப் பணிக்கு நான்கு கேள்விகள்

இந்தப் பாடத்திலிருந்து நான்கு கேள்விகளை எடுத்துக்கொண்டேன். குழுப் பணி கொடுக்கும் முன் அவற்றைச் சரிபார்க்கிறேன்.

1. இந்த வேலையை ஒருவரே செய்து முடிக்க முடியுமா? முடியும் என்றால் அது குழுப் பணி அல்ல.

2. ஒருவர் விலகினால் வரிசையில் ஓட்டை விழுமா? ஒவ்வொருவர் கையிலும் மற்றவரிடம் இல்லாத ஒரு பகுதி இருக்க வேண்டும். எலியட் அரான்சன் 1971இல் அமெரிக்காவின் ஆஸ்டின் நகரப் பள்ளிகளில் தொடங்கிய ‘ஜிக்சா’ முறையின் சாரமும் இதுதான்.

3. விதிகள் முன்பே எல்லோருக்கும் தெரியுமா? நேரம், இடம், யார் யாரிடம் கேட்கலாம் என்பதெல்லாம் தொடங்கும் முன்பே முடிவாக வேண்டும்.

4. பலன் எல்லோருக்கும் போகிறதா? இப்போது குழுவின் சார்பில் விளக்குபவரைச் சீட்டுக் குலுக்கியே தேர்ந்தெடுக்கிறேன். யார் பெயர் வரும் என்று தெரியாததால், நன்றாகப் புரிந்தவர் மற்றவருக்குக் கற்பித்தாக வேண்டும். மெதுவாகக் கற்கும் மாணவரைக் குழுவில் சேர்க்க யாரும் தயங்குவதில்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் சேர்த்தபின் அவரைச் சும்மா உட்கார வைக்க முடிவதில்லை.

தொடக்க நிலை வகுப்புகளில் விளையாட்டையும் இனுக்சுக் அடுக்குவதையும் மட்டும் செய்தால் போதும், கூழாங்கற்களே போதுமானவை. நடுநிலை வகுப்புகளில் தூந்திரா பாடத்தோடும் வெப்பக் கடத்தலோடும் இணைக்கலாம். உயர்நிலை வகுப்புகளில் பாதர்ஸ்ட் மந்தையின் எண்ணிக்கைச் சரிவைச் சதவீதமாகக் கணக்கிட்டு வரைபடம் வரையலாம். இடமாற்றத்தையும் 2019 மன்னிப்பையும் விவாதிக்கலாம்.

மதிப்பீட்டுக்கு ஒரே ஒரு வினாவை வைத்தேன்: “நீ அந்த வேட்டையில் எந்த வேலையை எடுத்துக்கொள்வாய்? அந்த வேலை இல்லாவிட்டால் என்ன நடக்கும்?” ஈட்டியைத் தேர்ந்தெடுத்தவர்கள் ஒன்பது பேர். மற்றவர்கள் ஊளையையும் தையலையும் காவலையும் பிரித்துக்கொண்டார்கள். ஆறு பேர் கல்லாக நிற்கப்போவதாக எழுதியிருந்தார்கள். அதற்கான காரணத்தையும் சரியாகவே எழுதியிருந்தார்கள்.